எல்லைப்புறத்துப் பாளையக்காரர் பூலித்தேவர்

பேரரசுகளின் சரித்திரம் பெரும்பாலும் தலைநகரங்களிலிருந்தே எழுதப்படுகின்றது. இரண்டு அரசுகள் ஒன்றோடொன்று உரசுகின்ற எல்லைப்புறத்தில் வாழ்ந்தோருக்கு அதில் ஓரிரு வரிகளே கிட்டும். அவ்வரிகளிலும் கலகக்காரர் என்ற பெயரே பெரும்பாலும் காணப்படும். சங்கரன்கோயிலுக்குச் சில மைல் மேற்கே, கரிசல் நிலம் செவல் நிலமாக மாறுகின்ற இடத்தில் உள்ள நெற்கட்டுஞ்செவல் என்னும் சிற்றூரின் தலைவராயிருந்த பூலித்தேவருக்கும் கும்பினியாரின் ஏடுகள் அந்தப் பெயரையே சூட்டின. நம் காலத்தாரோ அவரை விடுதலைப் போரின் முதல் வீரர் எனப் போற்றுகின்றனர். இவ்விரு பெயர்களுள் எதனையும் முன்னரே ஏற்றுக்கொள்ளாமல், அவர் நின்ற இடம் எத்தகையது என்பதை முதலில் அறிந்து, பின்னர் அவர் செய்தவற்றை நோக்குவோம்.

எல்லைப்புற வாழ்வு எத்தகையது என்பதற்கு ஹங்கேரி நாட்டின் சரித்திரம் தக்கதொரு சான்றாகும். 1526-ஆம் ஆண்டு மொகாச்சுப் போரில் அந்நாட்டரசன் இரண்டாம் லூயி துருக்கியரிடம் தோற்று மாண்டான். 1541-இல் தலைநகரான புடாவும் துருக்கியர் கைப்பட்டது. நாடு மூன்று கூறாயிற்று. மேற்கும் வடக்கும் வியன்னாவின் ஹாப்ஸ்பர்க் மன்னர்க்கும், நடுவிடம் துருக்கிச் சுல்தானுக்கும் உரியவாயின. கிழக்கே திரான்சில்வேனியா மட்டும் சிற்றரசாய் எஞ்சியது. அச்சிற்றரசு பிழைத்ததே ஒரு விந்தை. அதனை 1613 முதல் 1629 வரை ஆண்ட பெத்லன் காபோர் புராட்டஸ்டண்டு கிறிஸ்தவர். ஆயினும் இஸ்லாமியச் சுல்தானுக்குத் திறை செலுத்தி, அவன் துணையை நம்பிக் கத்தோலிக்கப் பேரரசனோடு போர் செய்தார். இருவரும் ஏறக்குறைய ஒத்த வலியினராய் இருந்தவரை நடுவே நின்றவருக்கு மூச்சுவிட இடம் இருந்தது. 1686-இல் புடா ஹாப்ஸ்பர்க் வசமாகி, 1699-இல் கார்லோவிட்சு உடன்படிக்கையும் நிறைவேறியபின், அந்த இடைவெளி மூடிவிட்டது. 1703-இல் பிரெஞ்சு மன்னனின் பொருளுதவியோடு கிளர்ந்தெழுந்த இரண்டாம் ராகோட்சி பெரென்சு எட்டாண்டு போராடித் தோற்றார். நாடிழந்து, 1735-ஆம் ஆண்டு துருக்கி நாட்டுக் கடற்கரை ஊரொன்றில் உயிர் நீத்தார்.

ராகோட்சி அங்ஙனம் மறைந்த காலத்தில், மேற்குத் தொடர்ச்சி மலையடிவாரத்தில் பூலித்தேவர் இளைஞராயிருந்தார். அவர் 1715-ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் முதல் நாள் பிறந்தார் என்றும், தந்தையார் பெயர் சித்திரபுத்திரத் தேவர், தாயார் பெயர் சிவஞான நாச்சியார் என்றும் மரபு கூறும். இளமையிலேயே பாளையத்தின் பொறுப்பு அவர்மேல் விழுந்தது. பாளையம் என்பது மதுரை நாயக்கர்கள் வகுத்த ஏற்பாடு. விசுவநாத நாயக்கரும் அவருடைய தளவாய் அரியநாத முதலியாரும் பதினாறாம் நூற்றாண்டில் நாட்டை எழுபத்திரண்டு பாளையங்களாகப் பிரித்தனர் என்பர். தன் எல்லைக்குள் காவல் செய்தல், வேண்டும்போது படை அனுப்புதல், குறித்த திறையைச் செலுத்துதல் ஆகிய இவையே பாளையக்காரனின் கடமைகள். திருநெல்வேலிச் சீமையில் கிழக்கே கரிசற்காட்டுப் பாளையங்கள் பெரும்பாலும் தெலுங்கு பேசிய நாயக்கர்களிடமும், மேற்கே மலையோரப் பாளையங்கள் மறவர்களிடமும் இருந்தன. இவ்விரு திறத்தாரும் ஒருவரையொருவர் ஐயத்தோடே நோக்கினர். இந்த ஐயம் பின்னர்ப் பெருந்தீமை விளைத்ததைக் காண்போம்.

மேற்கத்திப் பாளையங்களின் பின்புறம் மலை; மலைக்கு அப்பால் திருவிதாங்கூர். கணவாய் வழியே மலையாளப் படைகள் வருவதும் போவதும் புதிதன்று. செங்கோட்டை 1956-ஆம் ஆண்டுவரை மலையாள நாட்டோடு இணைந்திருந்தது என்பதை நினைத்தால், இவ்வெல்லை எவ்வளவு நெகிழ்ச்சியுடையது என்பது விளங்கும். அங்கே 1729 முதல் ஆண்டுவந்த மார்த்தாண்டவர்மர் 1741-இல் குளச்சலில் ஒல்லாந்தரை வென்று, அவர்களுள் சிறைப்பட்ட டி லனாய் என்பவரைக் கொண்டே தம் படையைப் பழக்கியவர். வடக்கே திண்டுக்கல்லில் 1755 முதல் மைசூரின் ஐதர் அலி இருந்தார். தூத்துக்குடியில் ஒல்லாந்தர் இருந்தனர். திருச்சிராப்பள்ளியில் ஆர்க்காட்டு நவாபு முகம்மது அலியும் அவருக்குப் பின்னே சென்னைக் கும்பினியாரும் நின்றனர், புதுச்சேரியில் பிரெஞ்சுக்காரர். இத்தனை வல்லரசுகளின் நிழலும் ஒருங்கே விழுந்த மூலைதான் நெற்கட்டுஞ்செவல்.

எல்லாவற்றுக்கும் அடிப்படையான வினா ஒன்று இருந்தது. திறை யாருக்கு உரியது? 1736-இல் இராணி மீனாட்சியோடு மதுரை நாயக்கர் ஆட்சி முடிந்தது. அதன்பின் சந்தா சாகிபு வந்தார். 1741-இல் மராட்டியர் வந்து அவரைச் சிறைப்பிடித்தனர். 1743-இல் ஐதராபாத்து நிஜாம் வந்தார். 1749 முதல் நவாபுப் பதவிக்கே முகம்மது அலிக்கும் சந்தா சாகிபுக்கும் போர் மூண்டது. ஆங்கிலேயர் ஒருவரையும் பிரெஞ்சுக்காரர் மற்றவரையும் தாங்கி நின்றனர். 1752-இல் சந்தா சாகிபு கொல்லப்பட, முகம்மது அலி மேலோங்கினார். ஆனால் போர்ச்செலவுக்காகக் கும்பினியாரிடம் பட்ட கடன் அவரை அழுத்தியது. அக்கடனைத் தீர்க்கும் வழியாக அவருடைய கண்ணில் பட்டவை தெற்குச் சீமையின் நெல்வயல்களே. பாளையக்காரர்களோ, தம் முன்னோர் நாயக்கருக்குத் திறை கொடுத்தனரேயன்றி இடையில் வந்தவரை அரசராக ஒப்புக்கொண்டதில்லை என்னும் கருத்தினர். நம் நோக்கில் இது வெறும் பிடிவாதமன்று. ஓர் அரசு அழிந்தபின் அதன் உரிமை யாரைச் சேரும் என்பது ஐரோப்பியச் சட்ட வல்லுநரும் விடை காணாத வழக்கு; ஹங்கேரியிலும் மொகாச்சுக்குப்பின் ஒரே முடிக்கு இருவர் உரிமை கொண்டாடினர்.

1755-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் கர்னல் அலெக்சாண்டர் ஹெரான் தலைமையில் கும்பினிப் படையும், நவாபின் தமையனார் மாபூஸ்கானின் படையும் சேர்ந்து தெற்கே புறப்பட்டன. யூசுப்கான் என்னும் சிப்பாய்த் தலைவரும் உடன் வந்தார். மதுரை எளிதில் கைப்பட்டது. கோயில்குடிக் கோயிலுக்குப் படையினர் தீ வைத்து, அங்கிருந்த தெய்வத் திருமேனிகளையும் எடுத்துச் சென்றமை நாடெங்கும் வெறுப்பை விளைத்தது. ஹெரான் மதுரை, திருநெல்வேலிச் சீமைகள் இரண்டையும் ஆண்டுக்கு 15 லட்சம் ரூபாய்க்கு மாபூஸ்கானிடம் குத்தகைக்கு விட்டு, பாளையக்காரர்களிடம் பாக்கி தண்டத் தொடங்கினார். பலர் அஞ்சிக் கொடுத்தனர். சிலர் பிணையாட்களை அனுப்பினர். திரும்பி வருமாறு சென்னையிலிருந்து கட்டளை வந்தபின்னும், மாபூஸ்கானின் தூண்டுதலால் ஹெரான் நெற்கட்டுஞ்செவலின்மேற் சென்றார்.

இந்நிகழ்ச்சியை ராபர்ட் ஆர்ம் என்னும் ஆங்கிலச் சரித்திர ஆசிரியர் எழுதிவைத்துள்ளார். அவர் ஊர்ப்பெயர்களைச் சிதைத்திருக்கும் விதம் நகைப்புக்குரியது. நெற்கட்டுஞ்செவலை நெல்லித்தங்கவில் என்று எழுதியிருப்பதால், அவர் நூலில் இவ்வூரைத் தேடுபவர் எளிதிற் கண்டுபிடியார். ஆனால் செய்தி தெளிவாகவே உள்ளது. கோட்டை மண்ணாலானது, சிறு பீரங்கிகளால் அதை உடைக்க இயலவில்லை. மதிலை இடிக்கவல்ல பெரும்பீரங்கிகள் ஹெரானிடம் இல்லை. படைக்கு உணவும் குறைந்துகொண்டிருந்தது. ஹெரான் 20,000 ரூபாய் கேட்டார். எதிரியின் வண்டிகளில் என்ன இருக்கின்றது, என்ன இல்லை என்பதைப் பூலித்தேவர் நன்கு அறிந்திருந்தார்; ஒரு காசும் கொடுக்க இசையவில்லை. ஹெரான் வந்த வழியே மீண்டார். மதுரைக்கு வடக்கே நத்தம் கணவாயில் கள்ளர்கள் அவருடைய படையை மறித்துத் தாக்கித் தெய்வத் திருமேனிகளை மீட்டுக்கொண்டனர். சென்னை சேர்ந்த ஹெரான் இராணுவ விசாரணைக்கு ஆளாகி வேலையினின்றும் நீக்கப்பட்டார்.

இவையெல்லாம் பிளாசிப் போருக்கு இரண்டாண்டு முற்பட்டவை. வாளோடு ஒருவரையொருவர் எதிர்கொள்ளாத இந்நிகழ்ச்சியைப் பெரும்போராக வருணிப்பார் உளர். நமக்கு அவ்வருணனை வேண்டுவதில்லை. பீரங்கி கொண்டவன் பணம் கேட்டால் கொடுத்துத்தான் ஆகவேண்டும் என்று நாடு நம்பியிருந்த வேளையில், கேட்டவன் வெறுங்கையோடு திரும்பியதை அண்டைப் பாளையங்கள் எல்லாம் கண்டன. இதனினும் பெரிய வெற்றி வேறு வேண்டுமோ? ஊர்ப்பெயரைப் பற்றியும் மக்கள் ஒரு விளக்கம் சொல்லுகின்றனர். நெல் கட்டிய ஊர் நெற்கட்டுஞ்செவலாய் இருந்ததாம். கட்ட மறுத்தபின் நெற்கட்டான்செவல் ஆயிற்றாம். இஃது ஊரார் புனைந்த விளக்கமாகவே இருப்பினும் ஆகுக. அவ்வூராரின் மனம் அதில் தெரிகின்றது.

இதன்பின் பூலித்தேவர் செய்த செயலே அவரைப் பிற பாளையக்காரரினின்றும் வேறுபடுத்துகின்றது. தலைவன்கோட்டை, கொல்லங்கொண்டான், சேற்றூர் முதலிய மேற்கத்திப் பாளையங்களை அவர் ஒரு கூட்டமாகச் சேர்த்தார். மலைக்கப்பால் மார்த்தாண்டவர்மரோடு உறவு கொண்டார். முன்னர் மதுரைச் சீமையில் அதிகாரம் செலுத்திய பட்டாணியத் தலைவர்களான முடேமியா முதலிய மூவரையும் தம்மோடு இணைத்துக்கொண்டார். மதத்தாலும் மொழியாலும் வேறுபட்ட இவர்களை ஒன்றாக்கியது நவாபின் எழுச்சியைப் பற்றிய அச்சமே. பெத்லன் காபோரையும் சுல்தானையும் பிணைத்த கயிறும் இத்தகையதே.

கூட்டணிக்கு முதலில் வெற்றிகள் கிட்டின. களக்காட்டுப் பகுதியை மலையாளப் படை மீட்டுக்கொண்டது. திருவில்லிபுத்தூரில் நவாபின் தம்பியார் காத்திருந்த கோட்டையும் வீழ்ந்தது. ஆனால் கிழக்கத்திப் பாளையங்களைச் சேர்த்துக்கொள்ளப் பூலித்தேவர் எடுத்த முயற்சி பலிக்கவில்லை. பாஞ்சாலங்குறிச்சியும் எட்டயபுரமும் அப்போது மாபூஸ்கான் பக்கமே நின்றன. 1756-ஆம் ஆண்டு மார்ச்சு 21-ஆம் நாள் திருநெல்வேலிக்கு அருகே நடந்த பெரும்போரில் முடேமியா வீழ்ந்தார், கூட்டணி சிதறிற்று, பூலித்தேவர் தம் கோட்டைக்குத் திரும்பினார். அன்று நவாபுக்குத் துணைநின்ற பாஞ்சாலங்குறிச்சி வழியினரே நாற்பத்துமூன்று ஆண்டுகளுக்குப்பின், 1799-இல், தனித்து நின்று கும்பினியோடு பொருதனர். 1756-இல் கிழக்கும் மேற்கும் கைகோத்திருப்பின் என்ன நேர்ந்திருக்கும் என்று எண்ணாமலிருக்க நம்மால் முடியவில்லை.

வென்ற மாபூஸ்கான் நிலைத்தாரோ எனின், இல்லை. குத்தகைப் பணம் வரவில்லை. தம்பியார் நவாபு அவரை நம்பவில்லை. கும்பினியார் யூசுப்கானைத் தெற்கே அனுப்பிச் சீமையின் அதிகாரத்தைப் படிப்படியாக அவரிடம் சேர்ப்பித்தனர். மனம் கசந்த மாபூஸ்கான் எவரைக் கப்பம் கட்டச் செய்யப் படையெடுத்தாரோ, அந்தப் பூலித்தேவரிடமே புகலிடம் தேடி வந்தார்! பூலித்தேவரும் அவரை ஏற்றுப் பல காலம் வைத்திருந்தார். இதில் இரக்கம் இருந்திருக்கலாம். அரசியல் அறிவு இருந்தது என்பதில் ஐயமில்லை. நவாபின் உடன்பிறந்தாரே தம் பக்கம் இருக்கும்வரை தம்மை வெறும் கலகக்காரர் என்று யாரும் ஒதுக்கிவிட முடியாதன்றோ?

1758-இன் இறுதியில் பிரெஞ்சுத் தளபதி லாலி சென்னையை முற்றுகையிட்டார். யூசுப்கானும் வடக்கே போர்முனைக்கு அழைக்கப்பட்டிருந்தார். தெற்கே பாளையங்களுக்கு மூச்சுவிட நேரம் கிடைத்தது. வடக்கே பெரியவர்கள் மோதும்போது தெற்கே சிறியவர்கள் தழைப்பதும், அங்கே அமைதி ஏற்படுந்தோறும் இங்கே பீரங்கி வருவதும் இக்காலம் முழுதும் காணப்படும் ஒழுங்கு.

1759-இல் முற்றுகை நீங்கியபின் யூசுப்கான் மீண்டும் தெற்கே வந்தார். அவர் இராமநாதபுரச் சீமைப் பனையூரிற் பிறந்தவர் என்பர். பகைவருள்ளும் பூலித்தேவருக்கு ஒப்பானவர் இவர் ஒருவரே. படையால் வெல்லுமுன் அவர் எதிரியின் கூட்டணியைப் பிரிக்க முனைந்தார். திருவிதாங்கூரில் மார்த்தாண்டவர்மர் மறைந்து, 1758 முதல் இராமவர்மர் அரசராயிருந்தார். அவருக்கு வேண்டியது களக்காட்டுச் சீமை. அதனை விட்டுக்கொடுப்பதாக யூசுப்கான் இசைந்தார். மலையாளப் படை பூலித்தேவரை விட்டு யூசுப்கானோடு சேர்ந்துகொண்டது. நேற்றுவரை துணையாய் இருந்த மலை இன்று பகையாயிற்று.

அவ்வாண்டு டிசம்பரில் யூசுப்கான் வாசுதேவநல்லூர்க் கோட்டையை வளைத்தார். நெற்கட்டுஞ்செவலுக்கு வடமேற்கே மலையை நெருங்கியிருந்த அக்கோட்டை பூலித்தேவரின் அரண்களுள் வலியது. மண்மதிலில் குண்டு பாய்ந்தால் புதைந்துபோகுமேயன்றிச் சுவர் எளிதில் பிளவாது. உள்ளிருந்தோர் உறுதியாகத் தடுத்துக்கொண்டிருக்கையில், பூலித்தேவர் நெற்கட்டுஞ்செவலிலிருந்து படையோடு வந்து, முற்றுகையிட்டோரின் பாசறையைப் பின்புறமிருந்து தாக்கினார். இருபுறமும் நெருக்கப்பட்ட யூசுப்கான் முற்றுகையைக் கைவிட்டார். அவர் தமது வாழ்நாளில் கண்ட தோல்விகள் மிகச் சில, அவற்றுள் இஃதொன்று.

இப்போர்களில் பூலித்தேவருடன் நின்ற ஒண்டிவீரன், வெண்ணிக் காலாடி என்னும் இரு வீரரைப் பற்றி ஊர்தோறும் கதைகள் வழங்குகின்றன. வயிற்றில் வெட்டுண்ட வெண்ணிக் காலாடி, சரிந்த குடலை உள்ளே தள்ளித் தலைப்பாகைத் துணியால் இறுகக் கட்டிக்கொண்டு போர் முடியும்வரை பொருதார் என்பது அவற்றுள் ஒன்று. கும்பினி ஏடுகள் பாளையக்காரனின் பெயரையன்றி அவன்கீழ்ப் பொருத எளியோர் பெயரை எழுதியதில்லை. எழுதப்படாதவரை நினைவில் வைத்தவை அம்மக்களின் கதைகளும் பாட்டுக்களுமே. ஆகவே ஏட்டில் இல்லை என்பதுகொண்டு இவற்றைத் தள்ளிவிடுதல் முறையாகாது என்பது நம் துணிபு.

1760-இல் காற்றுத் திசை மாறத் தொடங்கிற்று. சனவரி 22-இல் வந்தவாசியில் பிரெஞ்சுக்காரர் தோற்றனர். மாபூஸ்கான் மனம் மாறித் தம்பியாரை நாடிச் சென்றுவிட்டார். கொழும்பிலிருந்து படை தருவித்த ஒல்லாந்தர் தூத்துக்குடியிலிருந்து ஆழ்வார்திருநகரிவரை வந்தும் யூசுப்கானால் விரட்டப்பட்டனர். 1761 சனவரியில் புதுச்சேரியும் வீழ்ந்தது. ஆங்கிலேயருக்கு எதிராய் நிற்கும் வல்லரசு ஒன்றும் இனித் தமிழ்நாட்டின் கடற்கரையில் இல்லை. புடா வீழ்ந்தபின் திரான்சில்வேனியாவுக்கு நேர்ந்ததே நெற்கட்டுஞ்செவலுக்கும் நேர்ந்தது. வேறு வேலையற்ற பீரங்கிகள் தெற்கே திரும்பின. 1761 மே மாதத்தில் நெற்கட்டுஞ்செவல், வாசுதேவநல்லூர், பனையூர் என்னும் மூன்று கோட்டைகளும் யூசுப்கான் வசமாயின. பூலித்தேவர் இராமநாதபுரச் சீமையிலுள்ள கடலாடிக்குச் சென்று மறைந்திருந்தார்.

வென்ற யூசுப்கானின் கதி நாமறிந்ததே. தாம் வென்ற சீமைக்குத் தாமே உரியவர் என எண்ணி, நவாபுக்கு அடங்க மறுத்து, சில பிரெஞ்சுப் படைவீரரைத் துணைக்கொண்டு மதுரைக் கோட்டையில் நின்று போர் செய்தார். தம்முடன் இருந்தவராலேயே காட்டிக்கொடுக்கப்பட்டு, 1764 அக்டோபர் 15-ஆம் நாள் மதுரையில் தூக்கிலிடப்பட்டார். இருவரும் கைகோத்திருக்கலாகாதா என்று கேட்பார் உளர். ஒருவர் எழுந்தபோது மற்றவர் வீழ்ந்திருந்தார். காலம் அவர்களைச் சேர விடவில்லை.

யூசுப்கான் மறைந்தபின் பூலித்தேவர் தம் ஊருக்கு மீண்டார். ஐம்பது வயதை அடைந்த அவர், துணை வல்லரசு எதுவும் இல்லை என்பதை அறிந்தும், பழைய பாளையங்களை மறுபடியும் சேர்த்தார். கணக்குப் பார்க்கும் அரசியல்வாதியாக மட்டும் அவரைக் காண்போர் இவ்விடத்தைச் சற்று நின்று நோக்கவேண்டும். இம்முறை கணக்கு எவ்வகையினும் அவர் பக்கம் இல்லை.

1767-ஆம் ஆண்டு கர்னல் டொனால்டு காம்பெல் பெரும்பீரங்கிகளோடு வாசுதேவநல்லூரை வளைத்தார். மதிலில் உடைப்பு ஏற்படுந்தோறும் உள்ளிருந்தோர் குண்டுமழையினூடே வைக்கோலும் மண்ணும் கொண்டு அதனை அடைத்தனர். ஒருவர் விழ மற்றொருவர் அவ்விடத்தில் நின்றார். அவர்களுடைய மனவுறுதியைக் காம்பெலே வியந்து தம் மேலோருக்கு எழுதினார். மேன்மேலும் குண்டு விழவே, கோட்டை இனித் தாங்காது என்று கண்ட வீரர்கள் மழை பெய்த ஓர் இரவில் வெளியேறி மலைக்காட்டை அடைந்தனர். கோட்டை காம்பெலின் கைப்பட்டது.

பூலித்தேவரின் முடிவைப் பற்றிச் சங்கரன்கோயில் வட்டாரத்தார் சொல்வது இது. பகைவர் அவரைப் பிடித்துப் பாளையங்கோட்டைக்குக் கொண்டுசெல்லும் வழியில், சங்கரன்கோயிலில் இறைவனை வணங்கிவர விடை கேட்டார். காவலரோடு உள்ளே சென்றவர் சங்கரநாராயணர், கோமதியம்மை சந்நிதிகளில் தொழுது நிற்கையில், விலங்குகள் தெறித்து விழுந்தன. புகையும் ஒளியும் சூழ, அவர் மறைந்துபோனார். தூக்கிலிட்ட செய்தியை வெளியிட அஞ்சிய பகைவர் பரப்பிய கதையே இது என்பாரும், காட்டில் புகுந்து அங்கேயே மாண்டார் என்பாரும் உளர். ராகோட்சிக்கு மர்மராக் கடற்கரையில் ஓர் ஊரும் ஒரு வீடும் இறுதியிடமாய்க் கிடைத்தன. பூலித்தேவருக்கு அதுவும் இல்லை.

இவருடைய வரலாற்றைத் தமிழ்நாட்டார் முழுதும் மறந்துவிடாதபடி செய்தவர்களுள் இடையன்குடியில் வாழ்ந்த கால்டுவெல் அத்தியட்சரும் ஒருவர். 1881-இல் வெளிவந்த தமது திருநெல்வேலிச் சரித்திரத்தில் அவர் ஆர்ம் எழுதிய சிதைந்த பெயர்களையெல்லாம் உரிய ஊர்களோடு பொருத்திக் காட்டினார். நெற்கட்டுஞ்செவல் இன்று 2019-இல் அமைந்த தென்காசி மாவட்டத்தைச் சேர்ந்தது. அங்கே அரசினர் எழுப்பிய நினைவு மாளிகை உள்ளது. ஆண்டுதோறும் செப்டம்பர் முதல் நாள் விழா நடைபெறுகின்றது. சங்கரன்கோயில் திருக்கோயிலினுள்ளே, அவர் மறைந்ததாகச் சொல்லப்படும் இடம் பூலித்தேவர் அறை என்னும் பெயரோடு வழங்கிவருகின்றது. ஆடித்தபசுக்கு வரும் கூட்டம் அதனைக் கடந்தே செல்லுகின்றது. உள்ளூர்ப் பெரியோர் சிறுவர்களை அங்கே நிறுத்தி அவருடைய பெயரைச் சொல்லிக் கொடுக்கின்றனர்.